பெயர்ப்பட்டியலில் இல்லாத கன்னையா: ஒரு திரைச் சேவையின் மதிப்புரை

பழைய தமிழ்ப் படங்களைக் காட்டும் ஒரு கட்டண இணையச் சேவைக்கு நான் ஆறு மாதங்களுக்கு முன் சந்தா கட்டியதற்கு ஒரே காரணம், நகைச்சுவைத் துணைநடிகர் 'என்னத்தே' கன்னையா. 1967-இல் வெளிவந்த 'நான்' படத்தில் கடைசி எழுத்தை இழுத்து, குரலைச் சலிப்போடு இறக்கி அவர் சொன்ன 'என்னத்தே' என்ற ஒற்றைச் சொல், வாழ்நாள் முழுவதும் அவர் பெயரோடு ஒட்டிக்கொண்டது. நாற்பது ஆண்டுகள் கழித்து, 2007-இல், 'தொட்டால் பூ மலரும்' படத்தில் வடிவேலுவிடம் 'வரும், ஆனா வராது' என்றார். அந்த வரி இன்றும் பேருந்து நிறுத்தங்களில் புழங்குகிறது. சொன்னவர் யாரென்று பலருக்கும் தெரியாது. 2012-இல் காலமான அக்கலைஞர் இந்த இரு வரிகளுக்கும் இடையில் என்னென்ன செய்தார் என்பதை வரிசையாகப் பார்க்க விரும்பினேன்.

படத்தின் தெளிவிலும் ஒலியிலும் குறை சொல்ல இடமில்லை. பத்து நொடி பின்னே செல்லும் பொத்தான் இத்தகைய நடிகருக்கென்றே அமைந்ததுபோல் இருக்கிறது. 'வரும்' என்று நம்பிக்கையூட்டி, சற்றே நிறுத்தி, முகத்தில் எந்த மாற்றமும் காட்டாமல் 'ஆனா வராது' என்று அவர் முடிக்கும் விதத்தைத் திரும்பத் திரும்பப் பார்த்தேன். அந்த இடைவெளி இல்லையென்றால் அது வெறும் பதில்தான். எதிரில் நிற்பவர் தவிப்பதற்கு அவர் விட்டுக்கொடுக்கும் நேரம்தான் அதை நகைச்சுவையாக்குகிறது. பெரிய நடிகருக்கு இடம்விட்டு நிற்பதும் ஒரு தேர்ந்த கலை என்பேன்.

தேடுபெட்டியில் அவர் பெயரை இட்டால் எதுவும் கிடைப்பதில்லை என்பதுதான் என் பெரும் வருத்தம். 'கன்னையா', 'கண்ணையா' என்று எப்படி எழுதிப் பார்த்தாலும் பயனில்லை. ஒவ்வொரு படத்தின் கீழும் நாயகன், நாயகி, இயக்குநர் ஆகியோர் பெயர்கள் மட்டுமே உள்ளன. போதாக்குறைக்கு, சில படங்களில் எழுத்தோட்டமே வெட்டப்பட்டிருக்கிறது. ஒரு துணைநடிகரின் பெயர் திரையில் தோன்றுவது பெரும்பாலும் அங்கே மட்டும்தான் என்பதால், அதை நீக்குவது அவரையே நீக்குவதாகும். பெயர்களைச் சேர்க்கும்படி இருமுறை எழுதினேன், பதில் இல்லை.

நாயகர்களுக்காகப் படம் பார்ப்பவர்களுக்கு இச்சேவையைத் தயங்காமல் பரிந்துரைக்கலாம். துணைநடிகர்களைத் தேடி வருபவர்கள், என்னைப்போல், ஒரு குறிப்பேட்டில் படத்தின் பெயரையும் அவர் தோன்றும் நிமிடத்தையும் கைப்பட எழுதிக்கொண்டுதான் பார்க்கவேண்டியிருக்கும்.