தமிழ்ப்பள்ளியா, தேசியப் பள்ளியா, சீனப் பள்ளியா?

பிள்ளைக்கு ஐந்து வயது முடிந்ததும் மலேசியத் தமிழ்க் குடும்பங்களில் இந்தப் பேச்சு தொடங்கிவிடும். பாட்டி ஒன்று சொல்வார், சித்தப்பா வேறொன்று சொல்வார். ஆறாம் ஆண்டு முடிந்ததும் மூன்று பள்ளிப் பிள்ளைகளும் அரசு இடைநிலைப்பள்ளியில், அதன் முதல் ஆண்டான படிவம் ஒன்றில், ஒரே வகுப்பில் உட்காரப் போகிறார்கள். அதுவரை கணிதமும் அறிவியலும் எந்த மொழியில் மனத்தில் ஏறவேண்டும் என்பதுதான் கேள்வி.

தேசியப் பள்ளியின் பலம் மலாய். ஏழு வயதிலேயே மலாயில் சண்டை போட்டு, மலாயிலேயே சமாதானமாகும் பிள்ளைக்குப் படிவம் ஒன்றில் தடுமாற்றம் இருக்காது. தமிழ் என்ன ஆகும்? 15 மாணவர்களின் பெற்றோர் கேட்டால் அங்கேயும் தமிழ் சொல்லித்தர 1996 கல்விச் சட்டம் இடம் தருகிறது. ஆனால் அந்த 15 பேர் சேரவேண்டும், ஆசிரியர் அமையவேண்டும், கால அட்டவணையில் இடம் கிடைக்கவேண்டும். இதில் ஒன்று தவறினாலும் வகுப்பு நடக்காது. தமிழ் பேசும் பிள்ளை, தமிழ் படிக்கத் தெரியாத பிள்ளையாக வளர்ந்துவிடும்.

சீனப் பள்ளிகள் கணிதப் பயிற்சிக்கும் ஒழுங்குக்கும் பேர்போனவை. மாண்டரின் பின்னால் வேலைக்கும் உதவும். ஆனால் வீட்டில் யாருக்கும் மாண்டரின் தெரியாவிட்டால் வீட்டுப்பாடம் முழுக்க டியூஷனை நம்பித்தான். அம்மா பக்கத்தில் உட்கார்ந்து ஒரு வரிகூடச் சொல்லித்தர முடியாது. எனக்கு இது பெரிய இழப்பு.

தமிழ்ப்பள்ளிக்கு வருகிறேன். 1816இல் பினாங்கில் ஒரு தமிழ் வகுப்பாகத் தொடங்கிய கல்வி, இன்று 500க்கும் மேற்பட்ட பள்ளிகளாக நிற்கிறது. பாட்டியின் மொழியிலேயே பின்னமும் ஒளிச்சேர்க்கையும் புரிகிற வாய்ப்பு வேறெங்கும் கிடையாது. சிக்கல் படிவம் ஒன்றில் வரும். பின்னம் 'பெச்சாஹான்' ஆகிவிடும். அறிவியல், வரலாறு எல்லாம் மலாய்க்கு மாறிவிடும். மலாயில் பின்தங்கிய பிள்ளை, படிவம் ஒன்றுக்கு முன் மலாயைச் சரிசெய்யும் புகுமுக வகுப்பில் ஓராண்டு கூடுதலாக இருக்க நேரலாம். கெட்டிக்காரப் பிள்ளைகள்கூட முதல் சில மாதங்கள் வாய் திறக்காமல் இருப்பார்கள்.

இருந்தும் என் தேர்வு தமிழ்ப்பள்ளிதான். விட்டுப்போன மலாயைப் பிறகு பிடித்துவிடலாம். கடை, தொலைக்காட்சி, பக்கத்து வீடு எல்லாமே அதற்கு உதவும். ஏழு வயதில் விட்ட தமிழ் எழுத்தைப் பதின்மூன்று வயதில் தேடிப்போகும் பிள்ளைகள் மிகக் குறைவு. முதலாம் ஆண்டிலிருந்தே தினமும் கால் மணி நேரம் மலாய்க் கதைப்புத்தகம் ஒன்றைச் சத்தமாகப் படிக்கவைத்தால், படிவம் ஒன்றின் அதிர்ச்சி பாதியாகக் குறையும்.

மாணவர் குறைந்த பள்ளி என்று சிலர் தயங்குகிறார்கள். நான் தயங்கமாட்டேன். எட்டுப் பேர் இருக்கும் வகுப்பில் ஒவ்வொரு பிள்ளையின் கையெழுத்தும் ஆசிரியருக்குத் தெரியும். என்னைத் தயங்கவைப்பது தூரம்தான். ரப்பர்த் தோட்டத்து மக்கள் பட்டணத்துக்குப் போய்விட்டார்கள். பல பள்ளிகள் தோட்டத்திலேயே நின்றுவிட்டன. விடியுமுன் எழுப்பி ஒரு மணி நேரம் வேனில் அனுப்பவேண்டும் என்றால், பக்கத்துத் தேசியப் பள்ளியில் சேர்ப்பேன். சேர்த்த அன்றே, தமிழ் வகுப்புக்குக் கையெழுத்துப் போட இன்னும் 14 பிள்ளைகளின் பெற்றோரைத் தேடிப் போவேன்.