சிறைக்குள் வரும் சாமிமார்களும் சிஸ்டரும்: 68 நாள் இருந்து பார்த்ததை எழுதுகிறேன்

போன மாதம் செவ்வாய்ப்பேட்டையில் எங்கள் பட்டறைக்கு ஒரு அம்மா தேடிக்கொண்டு வந்தார். மகன் ரிமாண்டில் போய்ப் பன்னிரண்டு நாள் ஆகிறது, மனு போட்டு ஒரு தடவை பார்த்துவிட்டார், பையன் சரியாகச் சாப்பிடுவதில்லை, பேசுவதும் இல்லை. “உள்ளே ஃபாதர், ஹஜ்ரத், யோகா சாமி எல்லாம் வர்றாங்களாமே தம்பி, அவங்களைப் பிடிச்சா ஏதாச்சும் நடக்குமா? நீ உள்ளே இருந்தவன், உனக்குத் தெரியுமே” என்றார். அவரிடம் வாயால் சொன்னதைத்தான் இங்கே கொஞ்சம் விரிவாக எழுதுகிறேன். இதே கேள்வியோடு சேலத்தில் இன்னும் எத்தனை வீடுகள் இருக்கும் என்று எனக்குத் தெரியும், வெட்கத்தில் யாரும் வெளியே கேட்பதில்லை.

என்னைப் பற்றி இவ்வளவு போதும்: கொலுசு வேலை, கூட்டாளியோடு வெள்ளிக் கணக்கில் தகராறு, அவர் புகார் கொடுத்தார், 2024 பிப்ரவரி கடைசியில் உள்ளே போனேன், மே முதல் வாரம் நிபந்தனை ஜாமீனில் வந்தேன். வழக்கு நடக்கிறது, அதனால் அதைப் பற்றி எழுத மாட்டேன், எந்தச் சிறை என்றும் சொல்ல மாட்டேன். நான் இருந்த நேரம் எல்லா மதத்தையும் ஒரே மாதத்தில் பார்க்கிற நேரமாக அமைந்துவிட்டது. மார்ச் 12 ரம்ஜான் நோன்பு தொடங்கியது, 25 பங்குனி உத்திரம், 29 புனித வெள்ளி. நடுவில் 26-ஆம் தேதி என் மகளுக்குப் பத்தாம் வகுப்புப் பொதுத்தேர்வு தொடங்கியது, அதற்கு அப்புறம் வருகிறேன்.

வாசலில் சோதனை போட்டபோது கையில் கட்டியிருந்த கோட்டை மாரியம்மன் கயிற்றை அறுத்தார்கள். விதி என்றார்கள், சரி, கயிறு என்றாலே அவர்களுக்கு ஒரு பயம் இருக்கும், அது எனக்குப் புரிகிறது. ஆனால் அறுத்ததைக் குப்பைக் கூடையில் போட்டதைப் பார்த்தேன். பர்ஸையும் செல்லையும் எழுதி வாங்கி வைத்தது மாதிரி அதையும் ஒரு காகிதத்தில் மடித்து வைத்திருக்கலாம். அன்று ராத்திரி நான் அழுதது கேஸை நினைத்து இல்லை, அந்தக் கயிற்றை நினைத்துத்தான். உள்ளே போகிறவனுக்குச் சாமி எவ்வளவு பெரிய விஷயமாக ஆகிவிடுகிறது என்று வெளியே இருப்பவர்களுக்குச் சொன்னால் புரியாது. வீட்டில் வெள்ளிக்கிழமை விளக்கேற்றும்போதுகூட செல்லைப் பார்த்துக்கொண்டிருந்தவன் நான்.

இப்போது இப்படி உள்ளே வருகிற மதக்காரர்கள் செய்கிற சேவைக்கு வருவோம், ஒவ்வொன்றுக்கும் என் மதிப்பெண்ணோடு. முதலில், கூட்டமாக வந்து மைக் பிடிக்கிறவர்கள். எந்த மதம் என்று சொல்லவில்லை, இந்த வகை எல்லாப் பக்கமும் இருக்கிறது. பத்துப் பேர் வருவார்கள், பேனர் கட்டுவார்கள், எங்களை வரிசையாக உட்கார வைப்பார்கள், நாம் செய்த பாவம், கர்மா, தண்டனை, மன்னிப்பு என்று ஒரு மணி நேரம் போகும். உட்கார்ந்திருப்பவர்களில் பாதிப் பேர் விசாரணைக் கைதிகள், இன்னும் குற்றம் நிரூபிக்கப்படாதவர்கள் என்கிற நினைப்பே பேசுகிறவருக்கு இருக்காது. பிஸ்கட் பாக்கெட் கொடுத்துப் போட்டோ எடுத்துக்கொண்டு போனால் மறுபடி அந்த முகங்களைப் பார்க்க முடியாது. ஐந்துக்கு ஒரு நட்சத்திரம், அதுவும் பிஸ்கட்டுக்கு, ஏனென்றால் அன்று சாயந்திரம் பசித்தது.

பஜனைக் குழு பரவாயில்லை. வெள்ளிக்கிழமைகளில் உள்ளே இருக்கிற பிள்ளையார் கோயிலில் வந்து பாடுவார்கள், நாங்களும் கூடப் பாடலாம், தொண்டை திறந்து கத்த ஒரு இடம் கிடைப்பதே பெரிசு. பங்குனி உத்திரத்தன்று சமையல்கட்டுத் தண்டனைக் கைதிகள் சக்கரைப் பொங்கல் வைத்தார்கள். நான் திருநீற்றைத் தினத்தந்தித் துண்டில் மடித்து, சட்டைப் பையில் வைத்திருந்தேன், வியர்வையில் காகிதம் கிழிகிற வரை. குறை என்னவென்றால், வருகிறவர்கள் பாடுவார்கள், போவார்கள், யார் பெயரையும் கேட்க மாட்டார்கள்.

நோன்பு மாதத்தைப் பற்றிக் கட்டாயம் எழுத வேண்டும். எங்கள் பிளாக்கில் பதினாறு பேர் நோன்பு பிடித்தார்கள், அதில் மூன்று பேர் முஸ்லிம் இல்லை, கூட இருந்த பாய்களோடு சேர்ந்து பிடித்தவர்கள். வெளியிலிருந்து ஒரு ஹஜ்ரத் அனுமதி வாங்கி வந்து நோன்புக் கஞ்சிக்கு ஏற்பாடு செய்திருந்தார். கஞ்சி அஞ்சு மணிக்கே வந்துவிடும், ஆறு மணிக்கு லாக்கப், நோன்பு திறக்கிற நேரம் ஆறரை. அந்த அரை மணி நேரம் பூட்டின அறைக்குள் தட்டில் கஞ்சியை முன்னால் வைத்துக்கொண்டு, இஞ்சி பூண்டு வாசம் அறை முழுக்க நிற்க, யாரும் தொடாமல் உட்கார்ந்திருப்பார்கள். நோன்பு இல்லாத நாங்களும் தட்டைத் தொட மாட்டோம், யாரும் எங்களைக் கேட்கவில்லை, தானாக வந்த பழக்கம். ஒரு பையன் ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு வெளிச்சம் போவதைப் பார்த்துச் சொல்வான், வாணியம்பாடி பாய் ஒருவர் மெதுவாக பாங்கு சொல்வார், அப்புறம்தான் முதல் வாய். உள்ளே வந்தால் முதலில் “எந்த ஊரு, என்ன ஆளுங்க” என்றுதான் கேட்பார்கள், யார் பக்கத்தில் யார் படுப்பது என்பதுவரை அதில்தான் போகும். நான் வெளியே வந்த அதே வருஷம் அக்டோபர் 3-ஆம் தேதி, சிறையில் சாதி பார்த்து வேலை பிரிப்பதும் ஆளைப் பிரித்து வைப்பதும் அரசியல் சட்டத்துக்கு விரோதம் என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது. செய்தியைப் படித்தபோது எனக்கு அந்தக் கஞ்சித் தட்டு வரிசைதான் கண்ணுக்கு வந்தது, அந்த அரை மணி நேரம் மட்டும் யாரும் யாரையும் எந்த ஆள் என்று பார்த்ததில்லை.

இனி சிஸ்டர், கன்னியாஸ்திரி. இந்த விமர்சனமே அவருக்காகத்தான் எழுதுகிறேன்.

ஏற்காட்டிலிருந்து வருவார், வியாழக்கிழமை தோறும். விடிகாலை பஸ் பிடித்து இருபது கொண்டை ஊசி வளைவும் இறங்கி, அப்புறம் இன்னொரு பஸ் மாறி வர வேண்டும். அறுபதைத் தாண்டிய வயசு. கையில் ஒரு குடை, ஒரு நீளக் கணக்கு நோட்டு, துணிப்பையில் படிக்கிற கண்ணாடிகள். ஆமாம், கண்ணாடிதான். வாசலில் ஒவ்வொன்றாக எண்ணிச் சோதித்துவிட்டுத்தான் விடுவார்கள், அதற்கே அரை மணி நேரம் போய்விடும், ஒரு நாளும் முகம் சுளித்துப் பார்த்ததில்லை. நாற்பது தாண்டி உள்ளே வருகிறவனுக்கு, போலீஸ் கூட்டிக்கொண்டு வந்த அவசரத்தில், கண்ணாடி வீட்டிலேயே நின்றுவிடும். ஜாமீன் மனுவில் என்ன எழுதியிருக்கிறது என்று அவனால் படிக்க முடியாது, மகள் எழுதின கடிதத்தை இன்னொருவன் வாய் விட்டுப் படிக்க அவன் கேட்டுக்கொண்டிருக்க வேண்டும். சிஸ்டர் நோட்டை நீட்டி, “இந்த வரி தெரியுதா கண்ணு, இது தெரியுதா” என்று ஒன்று மாற்றி ஒன்று போட்டுப் பார்ப்பார்.

கேஸ் என்ன என்று கேட்கவே மாட்டார். என்னிடம் முதலில் கேட்டது, “ராத்திரி தூக்கம் வருதா?” இல்லை என்றேன். அடுத்து, “வீட்டுல யாரு இருக்காங்க?” மகளுக்குத் தேர்வு வருகிறது என்று சொல்லும்போது எனக்குக் குரல் போய்விட்டது. அவர் ஒன்றும் சொல்லவில்லை, ஜெபம்கூடப் பண்ணவில்லை, நான் நிறுத்துகிற வரை அப்படியே உட்கார்ந்திருந்தார். அப்புறம் சிறை நல அலுவலரிடம் கேட்டுக்கொண்டு எங்கள் வீட்டு முகவரியை நோட்டில் எழுதிக்கொண்டார். இரண்டு வாரம் கழித்து வந்து, “அறிவியல் நல்லா எழுதியிருக்கா. கணக்குல ஒரு அஞ்சு மார்க் கேள்வி விட்டுட்டாளாம். அம்மாவுக்குச் சக்கரை மாத்திரை வாங்கிக் கொடுத்துட்டுதான் வந்தேன்” என்றார். அந்த அஞ்சு மார்க் கேள்வியைப் பற்றி நான் ஒரு வாரம் யோசித்துக்கொண்டிருந்தேன். வீட்டுக் கவலையில் ஒரு சின்னத் துண்டு எனக்குத் திரும்பக் கிடைத்த மாதிரி இருந்தது. அன்று ராத்திரி தூங்கினேன்.

எங்கள் அறையில் மேட்டூர்ப் பக்கத்துப் பெரியவர் ஒருவர், கறுப்புச் சட்டைக்காரர், சாமி கும்பிடாதவர். “1944-ல நீதிக்கட்சிக்குத் திராவிடர் கழகம்னு பேர் வெச்சது இதே சேலத்துலதான் தம்பி” என்பார். 1950 பிப்ரவரி 11-ஆம் தேதி சேலம் மத்திய சிறையில் நடந்த துப்பாக்கிச் சூட்டில் கம்யூனிஸ்ட் கைதிகள் 22 பேர் செத்ததை அவர் சொல்லித்தான் நான் முதலில் கேட்டேன், அஸ்தம்பட்டி வழியாக எத்தனையோ தடவை போயிருக்கிறேன், தெரியாது. மைக் கூட்டம் வந்த நாளில் ஒரு வார்டர் இவரையும் வந்து உட்காரச் சொன்னார், எண்ணிக்கை குறையுமாம். பெரியவர் உட்கார்ந்தார், முகத்தைத் திருப்பிக்கொண்டு. எனக்கு அது மனசுக்கு ஒப்பவில்லை. ஐக்கிய நாடுகள் சபை 2015-ல் திருத்தி ஏற்றுக்கொண்ட நெல்சன் மண்டேலா விதிகளில் 65-ஆவது விதி இதைத்தான் சொல்கிறது என்று பிறகு படித்தேன்: சமயப் பணியாளரைப் பார்க்க எந்தக் கைதிக்கும் தடை போடக் கூடாது, வேண்டாம் என்கிறவனை வற்புறுத்தவும் கூடாது. சிஸ்டர் அந்த விதியைப் படித்தாரோ என்னவோ, பெரியவரிடம் ஒரு நாளும் சாமி பேச்சு எடுத்ததில்லை. அவருக்கும் கண்ணாடி போட்டுப் பார்த்தார், பேப்பரில் என்ன செய்தி என்று கேட்டார், இரண்டு பேரும் மேட்டூர் அணையில் எவ்வளவு தண்ணீர் இருக்கிறது என்று பேசிக்கொண்டிருந்தார்கள். பெரியவர் எழுந்து நின்று வணக்கம் சொன்ன ஒரே ஆள் அவர்தான்.

குறைகளையும் சொல்ல வேண்டும். வாரம் ஒரு நாள், எங்கள் பிளாக்குக்கு நாற்பது நிமிஷம், அதற்குள் எத்தனை பேரைப் பார்க்க முடியும்? வரிசையில் நின்று திரும்பிப் போனவர்களை நான் பார்த்திருக்கிறேன். அதைவிடப் பெரிய குறை, ஒடிசா, ஜார்கண்ட் பையன்கள். மில்லிலும் கட்டட வேலையிலும் இருந்து வந்து மாட்டிக்கொண்டவர்கள், மனு போட்டுப் பார்க்க யாரும் இல்லாதவர்கள், அவர்கள் பாஷை பேசுகிற ஒரு பூசாரியோ பாதிரியாரோ மௌல்வியோ நான் இருந்தவரை வந்ததே இல்லை. தமிழ் தெரிந்த எங்களுக்கே ஒருவர் வந்து பேசினால் அப்படி இருந்தது, அவர்களுக்கு எப்படி இருந்திருக்கும்.

இங்கிலாந்தில் 1952-ஆம் வருஷச் சிறைச் சட்டத்தின் 7-ஆவது பிரிவு, ஒவ்வொரு சிறைக்கும் ஒரு கண்காணிப்பாளர், ஒரு சமயப் பணியாளர் இருக்க வேண்டும் என்கிறது. அந்தப் பணியாளர் இங்கிலாந்துத் திருச்சபையின் பாதிரியாராக இருக்க வேண்டும் என்றும் அந்தச் சட்டம் சொல்கிறது, ஆனால் இன்று அவரோடு இமாம்கள், இந்து, சீக்கியப் பணியாளர்கள் என்று ஒரு குழுவே சம்பளத்துக்கு வேலை செய்கிறது. புதிதாக உள்ளே வந்தவனை வந்தவுடன் ஒரு தடவை, விடுதலை ஆகும் முன் ஒரு தடவை தனியாகப் பார்க்க வேண்டும், நோயாளியையும் தனிக் கொட்டடியில் இருப்பவனையும் தினமும் பார்க்க வேண்டும் என்று அவர்கள் விதியில் எழுதியே இருக்கிறது. நான் பார்த்தவரை இங்கே வருகிறவர்கள் எல்லாரும் சொந்தக் காசில் பஸ் ஏறி, அனுமதிக் கடிதம் கையில் வைத்துக்கொண்டு வருகிறவர்கள். வந்த முதல் ராத்திரியும் போகிற கடைசிச் சாயந்திரமும்தான் ரொம்ப மோசம், அந்த இரண்டிலும் எனக்கு யாரும் இல்லை. ஜாமீன் உத்தரவு வந்து சாயந்திரம் ஏழு மணிக்கு வாசலில் நின்றபோது பஸ்ஸுக்குக் காசு இருந்தது, எங்கே போவது என்று தெரிந்தது, ஆனால் கால் நகரவில்லை. பத்து நிமிஷம் அந்தச் சுவர் ஓரமாகவே நின்றேன்.

அந்த அம்மாவுக்கும் அவரைப் போலக் கேட்கிறவர்களுக்கும்: சாமியாரோ ஃபாதரோ ஜாமீன் வாங்கித் தர மாட்டார்கள், அதற்கு வக்கீலைப் பாருங்கள், வக்கீல் வைக்க வசதி இல்லை என்றால் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் இலவசமாகக் கேளுங்கள். “பரிகாரம் பண்ணினா கேஸ் முடியும்” என்று யாராவது வாசலில் காசு கேட்டால் கொடுக்காதீர்கள். அடுத்த தடவை மனு போட்டுப் பார்க்கும்போது, வாரா வாரம் தவறாமல் வருகிறவர் யார் என்று பையனிடம் கேளுங்கள், மதம் எதுவாக இருந்தாலும் பரவாயில்லை, அவரிடம் போய் உட்காரச் சொல்லுங்கள். நல அலுவலரிடம் பெயர் கொடுத்தால் போதும். சிஸ்டருக்கு என்னிடமிருந்து ஐந்துக்கு ஐந்து, நோன்பு ஏற்பாடு செய்த ஹஜ்ரத்துக்கு நாலரை, மாதம் முடிந்ததும் அவர் வருவது நின்றுவிட்டதால் அரை குறைத்தேன்.

ஆடி மாதம் ஏற்காடு போய் சிஸ்டரைப் பார்த்தேன், நாலு ரோட்டில் ஒரு கடையில் மொத்தமாக வாங்கின முப்பது கண்ணாடியோடு. மகளும் வந்திருந்தாள், அந்த அஞ்சு மார்க் கேள்வி என்ன என்று சிஸ்டர் மறக்காமல் கேட்டார். கண்ணாடிகளை ஒவ்வொன்றாகப் பிரித்து நம்பர் பார்த்து, நோட்டில் குறித்துக்கொண்டு, “ஒண்ணரை போதும் கண்ணு, அடுத்த தடவை ரெண்டு நம்பர் நிறைய வேணும், பெரியவங்க ஜாஸ்தியா இருக்காங்க” என்றார்.