மோல்டவைட் என்று வார்ப்புக் கண்ணாடியை விற்கிறார்கள், ஏமாந்துவிடாதீர்கள்

'விண்ணிலிருந்து விழுந்த மந்திரக்கல்' என்ற விளம்பரத்தைப் பார்த்து இணையத்தில் ஒருவரிடம் மோல்டவைட் என்ற பச்சைநிற இயற்கைக் கண்ணாடிக் கல்லை வாங்கினேன். வந்து சேர்ந்தது அச்சில் வார்த்த பச்சைக் கண்ணாடி. பணத்தைத் திருப்பித் தர முடியாது என்று விற்றவர் கைவிரித்துவிட்டார். அவருடைய பக்கத்தில் இன்றும் விற்பனை நடந்துகொண்டிருக்கிறது. அதனால்தான் எழுதுகிறேன்.

ராசிக்காகவோ பரிகாரத்துக்காகவோ நான் இதை வாங்கவில்லை. நான் எழுதிவரும் ஃபேண்டஸி நாவலில் ஓர் அபூர்வக் கனிமம் வருகிறது. வானம் பிளந்த ஓர் இரவில் பூமிக்கு வந்த பச்சைக்கல் அது. கையில் வைத்திருப்பவனுக்கு மற்றவர்கள் மறந்துபோன நினைவுகளெல்லாம் தெரியும். அதற்காக இரண்டு அரசுகள் மோதி அழிகின்றன. அந்தக் கற்பனைக் கல்லுக்கு நிஜ உலகில் ஓர் உடன்பிறப்பு உண்டென்றால் அது மோல்டவைட்தான். எழுதும் மேசையில் அதை வைத்துக்கொள்ள வேண்டும் என்பது என் நெடுநாள் ஆசை.

அதன் உண்மைக் கதையே எந்த மாயக்கதைக்கும் சளைத்ததல்ல. ஏறத்தாழ ஒன்றரைக் கோடி ஆண்டுகளுக்கு முன் இன்றைய தெற்கு ஜெர்மனியில் ஒரு விண்கல் வந்து மோதியது. ரீஸ் எனப்படும் அந்தப் பள்ளத்தின் விட்டம் சுமார் 24 கிலோமீட்டர். நோர்ட்லிங்கன் என்ற ஊர் முழுவதும் அதற்குள்தான் இருக்கிறது. மோதலில் தரையின் மேற்பரப்பு உருகித் தெறித்தது. தெறித்த துளிகள் உறைந்து, சில நூறு கிலோமீட்டர் கிழக்கே, இன்றைய செக் நாட்டின் பொஹீமியாவிலும் மொராவியாவிலும் விழுந்தன. 1786இல் பிராக் பல்கலைக்கழகப் பேராசிரியர் யோசஃப் மேயர் இக்கற்களைப் பற்றி அறிஞர்கள் முன் உரையாற்றினார். அப்போது யாருக்கும் இவற்றின் பிறப்பு தெரியாது. கறாராகச் சொன்னால் இது கனிமமே இல்லை. படிக அமைப்பு இல்லாத இயற்கைக் கண்ணாடி. 'விண்கல்லின் துண்டு' என்று விற்பதும் தவறு. உருகியது பூமியின் மண்தான்.

விற்றவர் இதில் பாதியைச் சரியாகவே சொன்னார். அதுதான் ஆபத்து. பொஹீமியச் சுரங்கத்திலிருந்து நேரடியாக வருகிறது என்றார், கல்லோடு சான்றிதழும் உண்டு என்றார், பல கோணங்களில் எடுத்த படங்களையும் அனுப்பினார்.

பார்சலைப் பிரித்ததுமே உறுத்தியது. பளீரென்ற பச்சை, இப்போதுதான் நீரிலிருந்து எடுத்ததுபோல் ஈரப் பளபளப்பு. அசல் மோல்டவைட் பல லட்சம் ஆண்டுகள் மண்ணுக்குள் கிடந்து அரிக்கப்பட்டது. அதன் மேலுள்ள குழிகளும் வரிகளும் விளிம்பு கூர்ந்து, ஒன்றுக்கொன்று ஒவ்வாமல் இருக்கும். என்னிடம் வந்த கல்லிலோ குழிகளின் ஓரங்கள் எல்லாம் மழுங்கி, ஒரே ஆழத்தில் இருந்தன. பக்கவாட்டில் நகத்தை ஓட்டினால் மெல்லிய கோடு ஒன்று தட்டுப்பட்டது. அச்சின் இரண்டு பாதிகள் சேரும் இடத்தில் விழும் கோடு அது.

பத்து மடங்கு பெரிதாக்கும் லென்ஸை வைத்து, பின்னாலிருந்து விளக்கைக் காட்டிப் பார்த்தேன். உள்ளே உருண்டைக் குமிழிகள் மட்டுமே. அசல் கல்லில் குமிழிகளோடு, புழு நெளிவதுபோல் நிறமற்ற இழைகளும் இருக்கும். லெஷாட்டெலியரைட் என்று பெயர். மணலில் இருந்த குவார்ட்ஸ் துகள்கள் தனியே உருகி, சுற்றியுள்ள கண்ணாடியோடு கலக்க நேரமின்றி உறைந்துபோனதன் தடயம். அதற்கு ஏறத்தாழ 1,700 டிகிரி செல்சியஸுக்கு மேற்பட்ட வெப்பம் வேண்டும். சாதாரணக் கண்ணாடியை அச்சில் வார்ப்பவரால் இந்த இழைகளைக் கொண்டுவர முடியாது.

அடர்த்தியையும் அளந்தேன். இதை யாரும் செய்யலாம். நகை எடை போடும் சிறு மின்னணுத் தராசில் கல்லின் எடை 8.42 கிராம். பிறகு தராசின் மேல் தண்ணீர்க் கிண்ணத்தை வைத்து, அளவைப் பூஜ்யத்துக்குக் கொண்டுவந்து, நூலில் கட்டிய கல்லை அடியில் படாமல் முழுதும் மூழ்கவிட்டேன். தராசு 3.37 காட்டியது. முதல் எண்ணை இரண்டாவதால் வகுத்தால் 2.5. மோல்டவைட்டுக்கு வர வேண்டியது 2.35 அளவில். 2.5 என்பது ஜன்னல், பாட்டில் கண்ணாடியின் கணக்கு. வேறு கலவைக் கண்ணாடி அசலின் அடர்த்திக்கு அருகில் வந்துவிடலாம் என்பதால் இதை மட்டும் நம்பி அசல் என்று முடிவுகட்டிவிடாதீர்கள்.

இவற்றையெல்லாம் படங்களோடு அனுப்பியபோதுதான் அவருடைய உண்மை முகம் தெரிந்தது. தண்ணீரில் போட்டதால் கல்லின் சக்தி போய்விட்டதாம். லென்ஸ் வைத்துச் சோதிப்பது கல்லை அவமதிப்பதாம். நம்பிக்கை இல்லாதவரிடம் அது உயிரற்ற கண்ணாடியாக மாறிவிடுமாம்! சான்றிதழைப் பற்றிக் கேட்டேன். பளபளக்கும் முத்திரை இருந்தது. ஆய்வகத்தின் பெயரோ அறிக்கை எண்ணோ எடையோ இல்லை. எந்தக் கல்லோடும் வைத்து அனுப்பக்கூடிய அட்டை. அதற்குப் பிறகு பதில் நின்றுவிட்டது. எனக்குப் பெரும் கோபம் இங்கேதான். மந்திரம், சக்தி என்ற பேச்சை முதலில் ஆசை காட்டவும், பிறகு வாயை அடைக்கவும் பயன்படுத்துகிறார். நோயிலும் துக்கத்திலும் ஒரு பிடிமானம் தேடி இக்கல்லை வாங்குகிறவர்கள் இருக்கிறார்கள். அவர்களிடம் 'உன் நம்பிக்கை போதவில்லை' என்று சொல்வது பணத்தைப் பறிப்பதைவிடக் கொடுமை.

பளபளப்பாக இருப்பதெல்லாம் போலி என்று நான் சொல்லவில்லை. செக் நாட்டின் பெசெட்னீட்ஸே பகுதியில் கிடைக்கும் கற்கள் முள்முள்ளாக, ஆழமாக அரிக்கப்பட்டு, பார்த்தவுடன் நம்ப முடியாத அழகோடு இருக்கும். பட்டை தீட்டிய கற்களில் மேற்பரப்பு அடையாளங்களே இருக்காது. அங்கே லென்ஸும் ஆய்வகமும்தான் வழி. தாய்லாந்திலோ சீனாவிலோ தோண்டி எடுத்த பச்சை மோல்டவைட் என்று யாராவது சொன்னால் மட்டும் மேற்கொண்டு பேசவே வேண்டாம். தென்கிழக்கு ஆசியாவிலும் இப்படி மோதலில் பிறந்த கண்ணாடிக் கற்கள் உண்டு, ஆனால் அவை கறுப்பு நிறம், வேறொரு மோதலில் உருவானவை.

வேறொரு விற்பனையாளரிடம் வாங்கிய நண்பர் தம் கல்லின் படத்தைக் காட்டினார். நுனியில் அதே இரட்டைக் குழி, அதன் கீழே அதே வளைந்த பள்ளம், வலது ஓரத்தில் அதே சிறு மூக்கு. இரண்டு படங்களையும் ஒன்றன் மேல் ஒன்று வைத்தால் பொருந்திவிடுகின்றன. மண்ணில் அரிபட்ட இரண்டு கற்கள் இப்படி ஒத்துப்போக வழியே இல்லை.

உங்களிடம் இருக்கும் கல்லிலும் இந்த மூன்று அடையாளங்களும் இருந்தால், அதுவும் அதே அச்சில் வந்ததுதான். விளம்பரப் பக்கத்தையும் உரையாடலையும் விற்றவர் நீக்குவதற்கு முன் படம் பிடித்து வையுங்கள். கார்டு வழியாகப் பணம் கட்டியிருந்தால், ஆட்சேபம் தெரிவிக்க வங்கி தரும் காலக்கெடு முடிவதற்குள் புகார் கொடுங்கள். 'வேறு கல் அனுப்புகிறேன், பொறுங்கள்' என்று அவர் நாளைக் கடத்துவது அந்தக் கெடு தாண்டட்டும் என்றுதான்.