கை நடுக்கம் போகாத நாயகன்: டொக்டர் ஸ்ட்ரேஞ்ச்

ஸ்கொட் டெரிக்சன் இயக்கி 2016இல் வந்த 'டொக்டர் ஸ்ட்ரேஞ்ச்' படத்தைப் போன கிழமை வெள்ளவத்தை வீட்டில் தம்பியோடு மறுபடி பார்த்தேன். கை நரம்பு பாதிக்கப்பட்டவர்களுக்குப் பயிற்சி கொடுக்கிற பிசியோதெரபிஸ்ட் நான். தம்பி மாயவித்தையைப் பார்த்தான், என் கண் முழுக்க விரல்களில்தான்.

ஸ்டீபன் ஸ்ட்ரேஞ்ச் நியூயோர்க்கில் பெயர்போன நரம்பியல் சத்திரசிகிச்சை நிபுணர். சிகிச்சை தோற்றுப்போகலாம் என்று தோன்றுகிற நோயாளியைத் தொடவே மாட்டார். இரவில் கார் ஓட்டிக்கொண்டே ஒரு ஸ்கேனைப் பார்க்கப்போய் விபத்தாகி, இரண்டு கைகளும் சிதைந்துவிடுகின்றன. அப்புறம் வருகிற பயிற்சிக் காட்சி அப்படியே உண்மை. பிசியோதெரபிஸ்டின் படிப்பைக் குத்திக்காட்டி, இந்த அளவு பாதிப்பிலிருந்து யாராவது மீண்டிருக்கிறார்களா என்று எரிந்து விழுகிறார். அந்தக் கோபம் எனக்குப் பழக்கம். கைவேலையில் கெட்டிக்காரர்களாக இருந்தவர்களிடம்தான் அது அதிகம். விரல் மடங்காதபோது பல்லைக் கடித்துத் தோள்வரை இறுக்குவார்கள். இறுக்க இறுக்க நடுக்கம் கூடும். "தோளை விடுங்கோ, மூச்சை விடுங்கோ" என்று பழக்கவே கிழமைக்கணக்காகும்.

முதுகு உடைந்தும் மறுபடி நடக்கிற பாங்போர்ன் என்பவர் சொன்னதைக் கேட்டு, கை குணமாகும் என்று ஸ்ட்ரேஞ்ச் காத்மண்டுவுக்குப் போகிறார். அங்கே மாயவித்தை கற்பிக்கிற, டில்டா சுவின்டன் நடித்த குருவும் இதையே சொல்கிறார்: ஆற்றை அடித்துப் பணியவைக்க முடியாது, அதன் ஓட்டத்தோடுதான் போகவேண்டும். கை சரியில்லாததால்தான் வித்தை வரவில்லை என்கிறார் ஸ்ட்ரேஞ்ச். குரு உடனே ஒரு கை இல்லாத ஹமீரைக் கூப்பிட்டுச் செய்துகாட்ட வைக்கிறார். அருமையான பதில். ஆனால் வித்தை வரட்டும் என்று ஸ்ட்ரேஞ்சை எவரெஸ்ட் பனியில் தனியே விட்டுவிட்டுப் போவதை என்னால் ஏற்க முடியவில்லை. உயிர்ப்பயத்தில் உடம்பு இன்னும் இறுகுமே தவிர இளகாது.

நடுவில் சண்டைகள் நீளம். வில்லனாக வருகிற மட்ஸ் மிக்கல்சன் போன்ற நடிகருக்குக் கொடுத்த வேலை போதாது.

படத்தின் உயிர், குரு சாகும் முன் ஆஸ்பத்திரி பல்கனியில் இருவரும் பேசுகிற இடம். அந்தப் பாங்போர்ன் நடப்பது குணமாகியதால் அல்ல, ஒவ்வொரு கணமும் மந்திரசக்தியைத் தன் உடம்புக்குள் செலுத்துவதால்தான் என்று அங்கேதான் தெரியவருகிறது. ஸ்ட்ரேஞ்சும் அப்படியே செய்து பழைய வேலைக்குப் போகலாம். கதவு திறந்தே இருக்கிறது, அவர் போகவில்லை. ஒரு தோல்வியைக்கூடப் பொறுக்காதவர், பூமியை விழுங்க வருகிற டோர்மாமு என்ற இருள்சக்தியின் முன்னால் திரும்பத் திரும்பச் செத்து, தோற்றுக்கொண்டே பூமியைக் காப்பாற்றுகிறார். கடைசிவரை அந்தக் கைகளைக் குணமாக்காமல் விட்டதற்காகவே இயக்குநரைக் கும்பிடலாம். என்னிடம் வருகிறவர்களில் பலருக்கும் கொஞ்சம் நடுக்கம் மிஞ்சத்தான் செய்கிறது, அதோடுதான் வேலைக்குத் திரும்புகிறார்கள்.

சண்டைப்படம் பிடிக்காதவர்களும் பல்கனிக் காட்சிக்காகப் பாருங்கோ. விபத்தில் கை நசிவதை மிகக் கிட்டத்தில் காட்டுகிறார்கள், சின்னப் பிள்ளைகளோடு பார்த்தால் அந்த இடத்தை ஓட்டிவிடுங்கோ.