வைஃபை பாதுகாப்புச் சோதனைக்குப் பணம் கொடுக்கும் முன் இதைப் படியுங்கள்

எங்கள் ரவுட்டரில் இணைந்திருந்த கருவிகளின் பட்டியலில் வீட்டில் யாருடையதும் இல்லாத ஒரு ஃபோன் இருந்தது. மகள் அதே வைஃபையில்தான் படிக்கிறாள், என் வங்கி வேலையும் அதில்தான். பயந்துபோய், அபார்ட்மென்ட் வாட்ஸ்அப் குழுவில் சொன்ன ஒருவரை அழைத்தேன்.

வந்தவர் இருபது நிமிடம் உட்கார்ந்தார். பாஸ்வேர்டை 18 எழுத்துக்கு மாற்றினார், நெட்வொர்க் பெயரை மறைத்தார், ஸ்பீட் டெஸ்ட் ஓட்டினார். "இனி ஒருத்தனும் நுழைய முடியாது சார்" என்று 1,500 ரூபாய் வாங்கிக்கொண்டு போனார். பத்தாம் நாள் அதே ஃபோன் மறுபடி பட்டியலில். கேட்டால், "அது உங்க வீட்டு ஃபோன்தான், நல்லா பாருங்க" என்றார். அப்புறம் எடுக்கவே இல்லை.

என் தங்கை மகன் பாதுகாப்புச் சோதனைக்கான காளி லினக்ஸ் இயங்குதளம் போட்ட லேப்டாப்போடு வந்தான். மறைத்த பெயர், என் ஃபோன் இணைந்த நொடியே திரையில் தெரிந்துவிட்டது. "இதுக்கா மாமா காசு கொடுத்தீங்க?" என்றான்.

உண்மையான ஓட்டை டபிள்யூபிஎஸ், அதாவது பாஸ்வேர்டைத் தட்டாமலேயே கருவிகளை வைஃபையில் இணைக்கும் வசதி. ரவுட்டர் ஸ்டிக்கரில் இருக்கும் 8 இலக்க பின் அதற்கானது. 8 இலக்கம் என்றால் 10 கோடி வாய்ப்பு என்று தோன்றும். ஆனால் ரவுட்டர் முதல் பாதியையும் மறு பாதியையும் தனித்தனியாகச் சரிபார்க்கிறது. கடைசி இலக்கமோ மற்ற ஏழிலிருந்து கணக்கிடப்படுவது. ஆக முதல் நான்கு இலக்கத்துக்கு 10,000, அடுத்த மூன்றுக்கு 1,000, மொத்தம் 11,000 முயற்சிதான். 2011 டிசம்பரிலேயே வெளியான விஷயம் இது. புது ரவுட்டர்கள் சில தவறுகளுக்குப் பின் பூட்டிக்கொள்ளும், என்னுடைய பழையது பூட்டவில்லை. இரவு பத்து மணிக்கு, பின்களை ஒவ்வொன்றாக முயன்று பார்க்கும் ரீவர் என்ற மென்பொருளை ஓடவிட்டான். விடியற்காலை ஐந்துக்கு அந்த 18 எழுத்துப் பாஸ்வேர்டு அப்படியே திரையில் நின்றது. பின் கிடைத்தால் ரவுட்டரே பாஸ்வேர்டைக் கொடுத்துவிடும், அது எவ்வளவு நீளமானாலும் சரி.

டபிள்யூபிஎஸ்ஸை அணைத்து, பாஸ்வேர்டை மாற்றி, மறுபடி ஓட்டிப் பார்த்தோம். நுழைய முடியவில்லை. சில பழைய ரவுட்டர்களில் அணைத்தாலும் அது அணையாது, அதனால் இந்த இரண்டாவது சோதனையை விட்டுவிடாதீர்கள். யாரையாவது அழைத்தால், டபிள்யூபிஎஸ் அணைந்ததா என்று கேளுங்கள், உங்கள் கண் முன்னால் வைஃபைக்குள் நுழைய முயன்று பார்க்கச் சொல்லுங்கள். அடுத்தவர் ரவுட்டரில் அனுமதியின்றி இதைச் செய்வது குற்றம்.

எங்கள் மாடியில் இன்னும் இரண்டு வீட்டில் அதே ஆள் பணம் வாங்கியிருக்கிறார். ஞாயிற்றுக்கிழமை அவர்களைக் கேட்டுக்கொண்டு அங்கேயும் சோதிக்கப் போகிறோம்.