‘சஸ்பிஷியஸ்லி’ என்ற ஒரே சொல்லுக்காக வாங்கிய அகராதி

"என்னக்கா, இந்த வரியில யாரு யாரைச் சந்தேகப்படுறா?"

ஒரு ஜூனியர் வக்கீல் பெண் போனில் கேட்டாள். அந்தக் கேள்விக்கு என்னிடம் பதில் இல்லை. அந்த வாரக் கடைசியிலேயே பழைய புத்தகக் கடைக்குப் போய் ஆக்ஸ்ஃபர்ட் அட்வான்ஸ்ட் லெர்னர்ஸ் டிக்‌ஷனரியின் எட்டாம் பதிப்பை 350 ரூபாய்க்கு வாங்கினேன். 2010-இல் வந்த பதிப்பு. முதுகு கொஞ்சம் பிரிந்திருந்தது, பக்கங்கள் எல்லாம் சரியாக இருந்தன. ஐந்து வருடமாக என் மேசையில் இருக்கிறது. இப்போதுதான் அதைப் பற்றி எழுத உட்கார்ந்திருக்கிறேன்.

என் தொழிலைச் சொன்னால்தான் விஷயம் புரியும். மதுரை ஒத்தக்கடைப் பக்கம் வீட்டிலேயே இருந்து கோர்ட்டுக் காகிதங்களை மொழிபெயர்க்கிறேன். கீழ்க் கோர்ட்டில் சாட்சி தமிழில் சொன்னது தமிழிலேயே பதிவாகும். வழக்கு உயர் நீதிமன்றத்துக்குப் போனால் அரசியலமைப்பின் 348-ஆம் பிரிவுப்படி அங்கே மொழி ஆங்கிலம். அதனால் சாட்சியம், எஃப்.ஐ.ஆர்., கடிதம், கைச்சீட்டு எல்லாம் ஆங்கிலமாகி, டைப் அடித்து நீதிபதிகளுக்குக் கொடுக்கிற காகிதக் கட்டான டைப்டு செட்டுக்குள் போக வேண்டும். 2004 ஜூலையில் மதுரைக் கிளை திறந்ததிலிருந்து இந்த வேலைதான் எனக்குச் சோறு போடுகிறது.

அன்றைக்கு வந்தது ஒரு திருட்டு வழக்கு. டீக்கடைக்காரர் சாட்சிக் கூண்டில் சொன்னது: "அந்தப் பையன் பஸ்ஸை விட்டு இறங்கி திருதிருன்னு முழிச்சுக்கிட்டு நின்னான்." நான் அதை ‘அவன் சஸ்பிஷியஸ்லி சுற்றிலும் பார்த்தான்’ என்று ஆங்கிலத்தில் எழுதிவிட்டேன். அப்போது கையில் இருந்தது போனில் ஓர் இலவச அகராதிச் செயலி. அதில் அந்தச் சொல்லுக்கு நேரே ‘சந்தேகமாக’ என்று ஒரே வார்த்தை. பையன் சந்தேகமாகத்தானே நின்றான் என்று மேலே போய்விட்டேன்.

ஜூனியர் கேட்டதும்தான் உறைத்தது. அந்த ஆங்கில வரியை ஒரு மாதிரி படித்தால், பையன் சுற்றியிருந்தவர்களைச் சந்தேகப்பட்டான். இன்னொரு மாதிரி படித்தால், திருடப் போகிறவன் மாதிரி நின்றான். டீக்கடைக்காரர் சொன்னது இரண்டும் இல்லை. ஊர் தெரியாமல் இறங்கி, எந்தப் பக்கம் போவதென்று புரியாமல் நின்ற பிள்ளையையும் நம் ஊரில் ‘திருதிரு’ என்றுதான் சொல்வோம். நான் போட்ட சொல், வழி தெரியாதவனைக் களவாணி ஆக்கிவிட்டது. நல்லவேளை, தாக்கல் செய்வதற்கு முன்பே திருத்த முடிந்தது. திகைத்துப்போய் நிற்பதைச் சொல்லும் ‘பிவில்டர்ட்’ என்ற சொல்லைப் போட்டேன்.

சரி, அகராதிக்கு வருகிறேன்.

பெரிய ஆங்கில அகராதிகளில் ‘லி’ விகுதி சேர்ந்த சொற்களை, பெயரடையின் கடைசியில் கறுத்த எழுத்தில் சும்மா ஒட்டி வைத்திருப்பார்கள். பொருள் சொல்ல மாட்டார்கள். ஆங்கிலத்தில் பிறந்து வளர்ந்தவனுக்கு அது போதும். நமக்குப் போதாது. இந்த அகராதி ‘சஸ்பிஷியஸ்லி’யைத் தனித் தலைச்சொல்லாக நிறுத்துகிறது, பொருளை எண்ணிட்டுப் பிரிக்கிறது, ஒவ்வொன்றுக்கும் வாக்கியம் தருகிறது. ஒருத்தரை நம்பாமல் பார்ப்பது ஒரு பொருள். பார்க்கிறவர்களுக்குச் சந்தேகம் வரும்படி நடந்துகொள்வது வேறு பொருள். முதலாவதில் சந்தேகம் பார்ப்பவன் மனதில் இருக்கிறது, இரண்டாவதில் பார்க்கப்படுகிறவன் நடத்தையில் இருக்கிறது. எனக்கு வேண்டியிருந்த கோடு இதுதான்.

தமிழில் இந்தக் கோடு ஏற்கெனவே இருக்கிறது என்பதை இந்த இங்கிலீஷ் புத்தகத்தைப் பார்த்த பிறகுதான் முழுசாக உணர்ந்தேன். ‘சந்தேகத்துடன் பார்த்தார்’ என்றால் அவருக்குச் சந்தேகம். ‘சந்தேகத்துக்கிடமாக நின்றார்’ என்றால் அவர்மேல் சந்தேகம். போலீஸ் ரிப்போர்ட் எழுதுகிற ரைட்டருக்கு இது நன்றாகத் தெரியும். ‘சந்தேகத்துக்கிடமான வகையில் நின்றிருந்தவரைப் பிடித்து விசாரித்ததில், முன்னுக்குப் பின் முரணாகப் பதிலளித்தார்’ என்று எத்தனை ஆயிரம் காகிதத்தில் படித்திருக்கிறேன்! அந்த ‘இடமான’ என்ற ஒட்டுதான் மொத்தப் பொருளையும் தாங்குகிறது. அதைக் கத்தரித்து ‘சந்தேகமாக’ என்று மட்டும் போடுகிற எந்த அகராதியும், காகிதமானாலும் செயலியானாலும், என் வேலைக்கு ஆபத்து.

சட்டத்திலும் இதற்கு ஓர் இடம் உண்டு. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 109-ஆம் பிரிவு. அதற்குப் பதிலாக 2024 ஜூலை 1 முதல் அமலில் இருக்கும் புதிய சட்டமான பிஎன்எஸ்எஸ்ஸில் 128. தான் இருப்பதை மறைக்க முயல்கிறவர், குற்றம் செய்யும் நோக்கத்தோடுதான் மறைக்கிறார் என்று நம்பக் காரணம் இருந்தால், நன்னடத்தைக்கு ஜாமீன் கேட்கிற பிரிவு. அங்கே ஒரு வினையடை தடம் மாறினால் ஒருத்தர் எக்ஸிக்யூட்டிவ் மாஜிஸ்திரேட் முன்னால் போய் நிற்க வேண்டிவரும்.

இதே சொல்லுக்கு லேசான உபயோகமும் இருக்கிறது. ‘பிள்ளைகள் சஸ்பிஷியஸ்லி அமைதியாக இருக்கிறார்கள்’ என்பார்கள். நாம் ‘என்னடா, சத்தத்தையே காணோம், என்னமோ நடக்குது’ என்போம். ‘இது சஸ்பிஷியஸ்லி என் வாட்ச் மாதிரி இருக்கிறது’ என்பதை ‘என் வாட்ச் மாதிரியேல்ல இருக்கு!’ என்று அந்த ஏகாரத்திலேயே முடித்துவிடுவோம். இந்த இடங்களில் ‘சந்தேகத்துக்கிடமாக’ என்று எழுதினால் வாக்கியம் போலீஸ் ஸ்டேஷன் வாடை அடிக்கும். அகராதியில் எடுத்துக்காட்டு வாக்கியம் கண்ணுக்கு முன்னால் இருப்பதால் நம் ஊர்ப் பேச்சுக்குப் பாய்வது சுலபம்.

‘லுக்’ என்ற வினையோடு வரும்போது இன்னும் கவனம் வேண்டும். பார்ப்பது என்ற பொருளில் வந்தால் ‘சஸ்பிஷியஸ்லி’. தோன்றுவது என்ற பொருளில் வந்தால் ‘லி’ இல்லாமல் ‘சஸ்பிஷியஸ்’. எங்கள் பக்கம் டைப் செய்ய வரும் பிள்ளைகள் பத்துக்கு எட்டு முறை இங்கே தவறுகிறார்கள். வினை வந்தால் வினையடை என்று பள்ளிக்கூடத்தில் மனப்பாடம் செய்ததை அப்படியே போடுகிறார்கள்.

சொல்லின் பூர்வீகமும் எனக்குப் பிடித்தது. லத்தீனில் ‘சப்’ என்றால் கீழே, ‘ஸ்பெக்கரே’ என்றால் பார்ப்பது. கீழிருந்து கண்ணைத் தூக்கிப் பார்க்கிற பார்வை. முகம் கொடுத்து நேராகப் பார்க்காத அந்தப் பார்வையை என் அம்மா ‘கீழ்க்கண்ணால பாக்குறா’ என்பார். இன்ஸ்பெக்டர், ரெஸ்பெக்ட், சஸ்பெக்ட் மூன்றும் அதே வேரில் வந்தவை.

இனி, இந்த அகராதிக்கு நான் உண்மையிலேயே கடன்பட்ட இடம். சந்தேகம் அளவு மீறிப் போனால் என்ன சொல்வது?

போன வருடம் குடும்ப நீதிமன்றத்திலிருந்து மேல்முறையீட்டுக்கு வந்த ஒரு கட்டு. அந்தப் பெண்ணின் சாட்சியம்: "தொட்டதுக்கெல்லாம் சந்தேகம். பால்காரர்ட்ட மீதிச் சில்லறை வாங்குனாக்கூட என்ன பேச்சுன்னு கேப்பாரு. எங்க அம்மா போன் பண்ணுனாலும் ஸ்பீக்கர்ல போடச் சொல்வாரு." வக்கீல் இளவயதுக்காரர், கெட்டிக்காரர். "மேடம், ‘பாரனாய்ட்’னு போட்ருங்க, ஸ்ட்ராங்கா இருக்கும்" என்றார்.

அகராதியை எடுத்துப் பார்த்தேன். ‘பாரனாய்ட்’டுக்கு அன்றாடப் பேச்சில் ஒரு பொருள்: நியாயமில்லாமல் எல்லோரும் தனக்குக் கெடுதல் செய்யப் பார்க்கிறார்கள் என்று எண்ணுவது. மருத்துவத்தில் இன்னொரு பொருள்: அப்படி எண்ண வைக்கிற மனநோய் உள்ளவர். கிரேக்கத்தில் ‘பாரா’ என்றால் புறம்பே, ‘நூஸ்’ என்றால் மனம். மனம் தடம் விலகிப் போவது. அதில் ‘லி’ சேர்த்து ‘பாரனாய்ட்லி’ என்று எழுதுவது ஆங்கிலத்திலேயே அபூர்வம். வேறு சொற்களைச் சேர்த்து ‘பாரனாய்டான முறையில்’ என்று சுற்றித்தான் சொல்கிறார்கள்.

அவரிடம் சொன்னேன்: "சார், இந்து திருமணச் சட்டத்துல நாம கேக்குறது 13(1)(ia), கொடுமை. பாரனாய்ட்னு போட்டா எதிர்த்தரப்பு 13(1)(iii) பக்கம் இழுக்கும். மனநோய்னு சொல்றீங்களா, அப்ப டாக்டர் சர்டிஃபிகேட் எங்கன்னு கேக்கும். அந்தம்மா நோய்னு ஒரு வார்த்தை சொல்லலையே." கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு ஒத்துக்கொண்டார். ஆதாரமில்லாமல் மனைவியின் ஒழுக்கத்தின்மேல் பழி சொல்வதே மனரீதியான கொடுமை என்று 2003-இல் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லியிருக்கிறது. நோய்ப் பெயரே தேவையில்லை. நான் ‘கான்ஸ்டன்ட்லி’, ‘அன்ரீசனப்ளி’ என்ற இரண்டு வினையடைகளை வைத்தேன். எப்போதும், காரணமே இல்லாமல். ‘தொட்டதுக்கெல்லாம்’ என்று அந்தப் பெண் சொன்னது அவ்வளவுதான்.

‘டிஸ்ட்ரஸ்ட்’, ‘மிஸ்ட்ரஸ்ட்’ இரண்டையும் நம்மவர்கள் ‘அவநம்பிக்கை’ என்றே முடித்துவிடுகிறார்கள். அனுபவத்தில் பட்டு நம்பாமல் போனதற்கு முதலாவதும், இன்னதென்று சொல்லத் தெரியாத உறுத்தலுக்கு இரண்டாவதும் கூடுதலாகப் பொருந்தும் என்பது என் கைப்பழக்கத்தில் கண்டது. இரண்டும் ஒன்றுக்குப் பதில் ஒன்று வருவதும் உண்டு, ஆகவே இதைச் சட்டமாக்க மாட்டேன்.

இந்தக் கட்டு முடிந்த அன்று இரவு 510-ஆம் குறள் மனதில் ஓடியது. ‘தேரான் தெளிவும் தெளிந்தான்கண் ஐயுறவும் தீரா இடும்பை தரும்.’ ஆராயாமல் ஒருத்தரை நம்புவதும், ஆராய்ந்து நம்பிய பிறகு அவரைச் சந்தேகிப்பதும் தீராத துன்பம். ‘தெளிந்தான்கண் ஐயுறவு’ என்ற இரண்டு சொல்லுக்கு நேராக வைக்க எந்த ஆங்கில அகராதியிலும் ஒரு சொல் கிடைக்கவில்லை. அந்தப் பெண் கூண்டில் நின்று சொன்னது அச்சாக அதைத்தான்.

இந்த அகராதி நமக்கு ஏன் ஒத்துப்போகிறது என்பதற்கு அதன் பிறப்பே காரணம். ஏ. எஸ். ஹார்ன்பி ஜப்பானில் ஆங்கிலம் சொல்லிக்கொடுத்தவர். ஜப்பானிய மாணவர்களுக்காக இரண்டு பேரோடு சேர்ந்து தொகுத்து, 1942-இல் டோக்கியோவில் வெளியானதுதான் இதன் முதல் வடிவம். 1948-இல் ஆக்ஸ்ஃபர்ட் அதை மறுபடி வெளியிட்டது. ஆங்கிலம் தாய்மொழியாக இல்லாதவன் எங்கே இடறுவான் என்று வகுப்பறையில் நின்று பார்த்தவரின் புத்தகம் இது.

இதில் தமிழ் கிடையாது. அந்தப் பக்கத்துக்கு நான் வைத்திருப்பது க்ரியாவின் தற்காலத் தமிழ் அகராதி: 1992-இல் வந்தது, விரிவாக்கிய பதிப்பு 2008-இல், அடுத்தது 2020-இல். தமிழ்ச் சொல்லுக்குத் தமிழிலேயே விளக்கம், ஆங்கிலப் பொருள், எடுத்துக்காட்டு மூன்றும் தருகிறது. சாட்சி என்ன சொன்னார் என்பதை க்ரியாவில் உறுதி செய்துகொண்டு, அதற்கு எந்த ஆங்கிலம் என்று ஆக்ஸ்ஃபர்டில் தேடுவேன். ஒன்றை மட்டும் வாங்க முடியுமென்றால், இரண்டில் எந்த மொழியில் உங்களுக்குத் தடுமாற்றம் அதிகமோ அதற்கு வாங்குங்கள்.

புதுப் பதிப்பு விலை அதிகம்தான். பத்தாம் பதிப்பு 2020-இல் வந்துவிட்டது. படிக்கிற பிள்ளைகள் அதன் இணையதளத்தில் காசில்லாமல் பார்க்கலாம், உச்சரிப்பையும் கேட்கலாம். நான் புத்தகத்தையே புரட்டுகிறேன். தேடிய சொல்லுக்கு மேலும் கீழும் இருக்கிறவை கண்ணில் பட்டு, இரண்டு மாதம் கழித்து எதற்காவது கைகொடுக்கின்றன. எழுத்து பொடிசு, நாற்பது தாண்டியவர்கள் கண்ணாடியைப் பக்கத்தில் வைத்துக்கொள்ளுங்கள். பழைய பிரதி வாங்கினால் ‘எஸ்’ பகுதியில் பக்கங்கள் முழுதாக இருக்கின்றனவா என்று கடையிலேயே பார்த்துவிடுங்கள். பெரிய பகுதி அது, பிரிந்து கழன்றுபோவது அங்கேதான்.

அந்த ஜூனியர் இப்போது தனியாக பிராக்டிஸ் செய்கிறாள். நேற்றும் போன் வந்தது. சாட்சி ‘என்னைய ஒரு மாதிரியாப் பாத்தாரு’ என்று சொல்லியிருக்கிறாராம். அந்த ‘ஒரு மாதிரி’க்கு என்ன போடுவது என்று கேட்டாள். முன்னாலும் பின்னாலும் இரண்டு பக்கம் அனுப்பச் சொல்லியிருக்கிறேன்.