பிடிபட்ட வண்டி: கோர்ட்டா, அபராதமா?

காரைக்குடிப் பக்கம் ஒருவரின் டிவிஎஸ் எக்ஸ்எல்லை மைத்துனன் இரவல் வாங்கிப் போய், கள்ளச்சாராயத்தோடு மாட்டிக்கொண்டான் என்று வையுங்கள். 1937ஆம் வருட மதுவிலக்குச் சட்டத்தின் 14ஆம் பிரிவு வண்டியையும் விடாது, பறிமுதல் வரை போகும். சொந்தக்காரர் என்ன செய்யலாம்?

மாஜிஸ்திரேட் கோர்ட்டில் இடைக்கால ஒப்படைப்பு மனு, அதாவது வழக்கு முடியும்வரை வண்டியைத் தன்னிடம் தரச் சொல்லும் மனு, போடலாம். இப்போது புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பிஎன்எஸ்எஸ்ஸின் 497ஆம் பிரிவு. முன்பு பழைய சட்டமான சிஆர்பிசியின் 451. ஆர்சி புக்கைக் காட்டி, ஜாமீன் கொடுத்து, விற்கமாட்டேன், கேட்டால் கொண்டுவருவேன் என்று எழுதித் தந்தால் வண்டி கைக்கு வர வழியுண்டு. ஸ்டேஷன் வாசலில் டயர் மண்ணில் புதைய, சீட்டில் வேப்பஞ்சருகு குவிய நிற்பதற்கு இது மேல். பிடித்த வண்டிகளை நெடுநாள் போட்டுவைக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றமே 2002இல் சொல்லியிருக்கிறது. ஆனால் வண்டி வீட்டுக்கு வந்ததாலேயே பறிமுதல் நடவடிக்கை முடிந்துவிடாது. பலர் ஏமாறுவது இங்கேதான்.

வண்டியை ஏன் பறிமுதல் செய்யக் கூடாது என்று கேட்டு அதிகாரி அனுப்பும் நோட்டீசுக்குப் பதில் சொல்வது இன்னொரு வழி. எனக்குத் தெரியாமல் நடந்தது, நான் கவனமாகத்தான் இருந்தேன் என்று அவரிடம் காட்ட வேண்டும். எடுபடாவிட்டால், பறிமுதலுக்குப் பதில் அபராதம். அது வண்டியின் சந்தை விலையைத் தாண்டக் கூடாது. பழைய எக்ஸ்எல்லுக்கு இதுவே லாபம், வக்கீல் ஃபீஸே அதைவிடக் கூடிவிடும். புது பொலிரோ என்றால் முதலில் கோர்ட்டுக்குப் போங்கள்.